மலிவாக வந்த ஏவுகணை: கனடாவின் வான்காப்புச் செலவும் அமெரிக்கச் சார்பும், 1953–1984

ஆய்வின் எல்லை

1959 பிப்ரவரி 20, வெள்ளிக்கிழமை. அன்று கனடாவின் பிரதமர் நாடாளுமன்றத்தில் எழுந்து, உள்நாட்டிலேயே வடிவமைக்கப்பட்டு ஓராண்டாகப் பறந்துகொண்டிருந்த மீயொலிப் போர்விமானத் திட்டம் கைவிடப்படுகிறது என்று அறிவித்தார். ‘ஆரோ’, அதாவது அம்பு என்று பெயரிடப்பட்டிருந்த அந்த விமானத்தைப் பற்றிக் கனடாவில் இன்றுவரை துக்கமும் கோபமும் கலந்தே பேசப்படுகிறது. ஆனால் இந்த ஆய்வு விமானத்தைப் பற்றியது அன்று. அதன் இடத்துக்கு வந்த அமெரிக்க ஏவுகணையோடு, கணக்கில் எழுதப்படாத ஒரு நிபந்தனையும் நாட்டுக்குள் வந்தது; நான்கே ஆண்டுகளில் அந்த நிபந்தனை ஓர் அரசையே கவிழ்த்தது. பாதுகாப்புக்குத் தாராளமாகச் செலவழித்துவந்த ஒரு நாடு, செலவைக் குறைக்க எடுத்த முடிவின் வழியே தன் அண்டை வல்லரசைச் சார்ந்து நிற்க நேர்ந்த விதத்தைத் தொடக்கத்திலிருந்து பின்தொடர்வதே நோக்கம்.

பங்கேற்றவர்களைப் பெயரால் குறிக்காமல் பதவியால் மட்டுமே குறிக்கிறேன். கனடிய அரசியலில் இந்தப் பெயர்களுக்கு இன்றும் கட்சிச் சாயம் இருப்பதால், பெயர் வந்தவுடன் ஆராய்ச்சி நின்று வழக்காடல் தொடங்கிவிடுகிறது.

பின்னணி

கனடாவின் பாதுகாப்புச் சிந்தனையை எதிரியைவிட நண்பனே அதிகம் வடிவமைத்திருக்கிறான். 1938 ஆகஸ்டில் ஒண்டாரியோ மாநிலத்துக் கிங்ஸ்டன் நகருக்கு வந்த அமெரிக்க அதிபர், கனடிய மண்ணுக்கு வேறொரு பேரரசால் ஆபத்து வந்தால் அமெரிக்க மக்கள் கைகட்டி நிற்கமாட்டார்கள் என்று வாக்களித்தார். கேட்பதற்கு இனிப்பான வாக்கு. அன்றைய கனடியப் பிரதமரோ இரண்டே நாளில் மறுமொழி சொன்னார்: கனடாவின் நிலம், கடல், வான் வழியாக எந்தப் பகைப்படையும் அமெரிக்காவைத் தாக்கப் போகாதபடி பார்த்துக்கொள்வது நல்ல அண்டைவீட்டாரான எங்கள் கடமை என்றார். உதவிக்கு நன்றி சொல்லும் பேச்சாகத் தோன்றினாலும், உங்கள் பாதுகாப்புக்குத் தேவையானதை நாங்களே எங்கள் மண்ணில் செய்துகொள்வோம், நீங்கள் உள்ளே வரவேண்டியதில்லை என்பதே அதன் உட்பொருள். அடுத்த நாற்பத்தைந்து ஆண்டுக் கதையின் விதை இதில் இருக்கிறது. எதிரியை அஞ்சிச் செலவு செய்வது ஒரு வகை. நாம் செய்யாவிட்டால் நண்பன் வந்து நம் வீட்டில் செய்துவிடுவான் என்று அஞ்சிச் செலவு செய்வது இன்னொரு வகை. கனடாவின் செலவில் பெரும்பகுதி இரண்டாம் வகையைச் சேர்ந்தது.

1940இல் இரு நாடுகளும் நிரந்தரக் கூட்டுப் பாதுகாப்பு வாரியத்தை அமைத்தன. 1949இல் சோவியத் ஒன்றியம் அணுகுண்டைச் சோதித்தபின் வடதுருவம் திடீரென்று போர்முனையாகிவிட்டது, ஏனெனில் மாஸ்கோவிலிருந்து சிகாகோவுக்கான மிகக் குறுகிய வழி கனடாவின் தலைக்கு மேலேதான் செல்கிறது. 1950களில் மூன்று ராடார் வரிசைகள் எழுந்தன. தெற்கிலிருந்த பைன்ட்ரீ வரிசையின் செலவில் பெரும்பங்கை அமெரிக்கா ஏற்றது. 55ஆம் அகலக்கோட்டை ஒட்டிய நடுக்கனடா வரிசையைக் கனடா தன் சொந்தப் பணத்தில், 20 கோடி டாலருக்கும் மேல் செலவழித்துக் கட்டியது. வடதுருவக் கரையை ஒட்டிய தொலைதூர முன்னெச்சரிக்கை வரிசையை முழுவதுமாக அமெரிக்காவே கட்டி 1957இல் இயக்கத்துக்குக் கொண்டுவந்தது. நடுக்கனடா வரிசை 1958 தொடக்கத்தில் முழுமையாகச் செயல்படத் தொடங்கி 1965க்குள் முற்றிலும் மூடப்பட்டது. தன்மானத்துக்காகச் செய்த செலவுக்கு ஆயுள் ஏழாண்டு.

இந்தக் காலத்தில் கனடா கஞ்சத்தனம் காட்டவில்லை என்பதைக் குறித்துக்கொள்ள வேண்டும். கொரியப் போரின்போது நாட்டின் மொத்த உற்பத்தியில் ஏறத்தாழ 7 விழுக்காடு பாதுகாப்புக்குச் சென்றது. ஐரோப்பாவில் 12 போர்விமான அணிகளையும் மேற்கு ஜெர்மனியில் ஒரு தரைப்படைப் பிரிவையும் அந்த நாடு நிறுத்தியிருந்தது.

முதல் முடிவு: சொந்த விமானம்

1953இல் கனடிய விமானப்படை தன் அடுத்த இடைமறிப்பு விமானத்துக்கான தேவைக் குறிப்பை வெளியிட்டது. இருவர் அமரும், இரட்டை எஞ்சின் கொண்ட விமானம். 50,000 அடி உயரத்தில், ஒலியைப்போல் ஒன்றரை மடங்கு வேகத்தில், வேகமும் உயரமும் இழக்காமல் திரும்ப வேண்டும். வடக்கின் வெறுவெளியில் ஓர் எஞ்சின் நின்றாலும் வீடு திரும்ப வேண்டும். அன்று உலகில் எவரிடமும் இப்படியொரு விமானம் இல்லை. விமானப்படை அதிகாரிகள் அமெரிக்க, பிரித்தானிய, பிரெஞ்சு ஆலைகளைச் சுற்றிப்பார்த்துவிட்டு, பொருத்தமானது எதுவும் இல்லை, நாமே செய்வோம் என்றார்கள். டொராண்டோவை அடுத்த மால்டனில் இருந்த ஏவ்ரோ கனடா நிறுவனம் அதற்கு முன்பே சி.எஃப்.-100 என்ற விமானத்தை வெற்றிகரமாகச் செய்து தொடர் உற்பத்தியில் இறக்கியிருந்ததால், அந்த நம்பிக்கை வெறும் ஆசை என்று சொல்ல முடியாது.

பிழை வடிவமைப்பில் நேரவில்லை, அளவில் நேர்ந்தது. தொடக்கத்தில் ஐந்நூறு, அறுநூறு விமானங்கள் தேவைப்படும் என்று எண்ணினார்கள். நாளடைவில் அது நூறாகச் சுருங்கியது. அதே வேளையில் திட்டத்தின் உள்ளடக்கம் வீங்கியது. விமான உடலோடு நிற்காமல் இரோக்வாய் என்ற புதிய எஞ்சினும் உள்நாட்டிலேயே உருவாக வேண்டும் என்றானது. இலக்கைக் கண்டு ஆயுதத்தைச் செலுத்த உதவும் மின்னணுக் கருவியான, ஆஸ்ட்ரா என்ற புதிய சுடுகட்டுப்பாட்டு அமைப்பை அமெரிக்க நிறுவனம் ஒன்றிடம் முதலிலிருந்து உருவாக்கச் சொன்னார்கள். அமெரிக்கக் கடற்படை 1956இல் கைவிட்ட ஸ்பாரோ-2 ஏவுகணையைக் கனடா தத்தெடுத்துத் தன் செலவில் வளர்க்கத் தொடங்கியது. விமானம், எஞ்சின், மின்னணு, ஏவுகணை ஆகிய நான்கையும் ஒரே நேரத்தில் புதிதாகச் செய்யும் துணிவு அன்றைய வல்லரசுகளுக்கே அரிது. நான்கில் எதற்கும் வெளிநாட்டு வாங்குநர் உறுதியாகவில்லை.

இரண்டாம் முடிவு: கூட்டுக் கட்டளை

1957 ஜூன் 10 தேர்தலில், இருபத்திரண்டு ஆண்டுகளாக ஆண்ட லிபரல் கட்சி தோற்று, கன்சர்வேட்டிவ் கட்சி சிறுபான்மை அரசை அமைத்தது. இரு நாட்டு வான்காப்பையும் ஒரே கட்டளையின்கீழ் கொண்டுவரும் திட்டம் அதற்குள் படை அதிகாரிகள் மட்டத்தில் முடிந்து, அரசின் கையொப்பத்துக்காகக் காத்திருந்தது. முப்படைத் தலைவர்கள் குழுவின் தலைவர் அதைப் புதிய அமைச்சரிடம் கொண்டுபோனார். முழு அமைச்சரவையில் விவாதிக்காமலே ஒப்புதல் கிடைத்தது. ஆகஸ்ட் 1இல் அறிவிப்பு வந்தது, செப்டம்பர் 12இல் நோராட் என்ற அந்தக் கூட்டுக் கட்டளை இயங்கத் தொடங்கியது. கொலராடோ ஸ்பிரிங்ஸில் தலைமையகம், தலைவர் அமெரிக்கர், துணைத்தலைவர் கனடியர். புதிய அரசை அவசரப்படுத்திவிட்டோம் என்று அந்தப் படைத்தலைவரே பின்னாளில் ஒப்புக்கொண்டார். முறையான ஒப்பந்தம் 1958 மே மாதம்தான் கையெழுத்தானது. முதலில் குடியேறிவிட்டுப் பிறகு வாடகைப் பத்திரம் எழுதியதைப் போன்ற வரிசை இது.

இந்த முடிவைத் தவறென்று நான் கருதவில்லை. மணிக்கணக்கில் நடந்து முடியும் போருக்கு இரண்டு கட்டளைகள் இருக்க முடியாது. ஆனால் எதை இடைமறிப்பது, எங்கே இடைமறிப்பது, எந்த ஆயுதத்தால் இடைமறிப்பது என்ற கேள்விகள் அன்றிலிருந்து ஒரே பெரிய அமைப்பின் உள்விவரங்களாகிவிட்டன. அந்த அமைப்பின் திட்டங்களும் பணமும் பெரும்பாலும் எல்லைக்குத் தெற்கே இருந்தன. இந்த மாற்றத்தைத் தலைநகர் ஒட்டாவாவில் யாரும் ஒரு தாளில் எழுதி அமைச்சரவையின்முன் வைக்கவில்லை.

1958இல் தெரிந்தவை

ஆரோ விமானம் 1957 அக்டோபர் 4 அன்று மால்டன் ஆலையிலிருந்து ஆயிரக்கணக்கானோர் பார்த்திருக்க வெளியே இழுத்துவரப்பட்டது. அதே நாளில் சோவியத் ஒன்றியம் ஸ்புட்னிக்கை விண்ணில் ஏவியதால் மறுநாள் செய்தித்தாள்களில் இடம் போய்விட்டது. தற்செயல்தான், ஆனால் விண்ணுக்குக் கோளை அனுப்பும் ராக்கெட்டால் அணுகுண்டையும் அனுப்பலாம் என்பதும், கண்டம் தாண்டும் ஏவுகணையை எந்த இடைமறிப்பு விமானமும் தடுக்க முடியாது என்பதும் எல்லாத் தலைநகரங்களுக்கும் அன்றே புரிந்தது. 1958 மார்ச் 25இல் ஆரோ முதன்முறையாகப் பறந்தது. மொத்தம் ஐந்து விமானங்கள் பறந்தன. தற்காலிகமாகப் பொருத்திய அமெரிக்க எஞ்சின்களோடே ஒலியின் இருமடங்கு வேகத்தை நெருங்கின. பொறியியல் பக்கத்தில் குறை சொல்ல அதிகம் இல்லை.

பணக் கணக்குதான் இடித்தது. 100 விமானங்கள் என்று வைத்துக்கொண்டால், ஆயுதம், உதிரிப்பாகம், மீதமுள்ள உருவாக்கச் செலவு எல்லாம் சேர்த்து ஒன்றுக்குச் சுமார் 1.25 கோடி டாலர் ஆகும் என்று அரசு கணக்கிட்டது. அதுவரை செலவான 30.3 கோடி இதில் சேராது. அமெரிக்கா வாங்கினால் விலை இறங்கும். எனவே கனடியத் தூதரும் பாதுகாப்பு அமைச்சரும் வாஷிங்டனில் கேட்டுப்பார்த்தார்கள். தங்களிடமே எஃப்-106 இடைமறிப்பு விமானம் இருக்கிறது, அதைவிட வேகமானது வரைபலகையில் இருக்கிறது, வேண்டாம் என்பதே மறுமொழி. அங்கிருந்தவர்கள் விமானத்தைப் பழிக்கவில்லை. தங்கள் ஆலைகளை விட்டுவிட்டு அண்டைநாட்டு ஆலையில் வாங்குவதற்கு அவர்களுக்குக் காரணம் எதுவும் இருக்கவில்லை.

இதற்கிடையே அமெரிக்க விமானப்படை போமார்க் என்ற ஏவுகணையைத் தன் வடமாநிலங்களில் வரிசையாக நிறுத்தத் திட்டமிட்டது. தரையிலிருந்து கிளம்பி, சேஜ் என்ற கணிப்பொறி வலையமைப்பின் வழிகாட்டலில் பறந்து, குண்டுவீச்சு விமானக் கூட்டத்தினருகே வெடிக்கும் ஆளில்லா இடைமறிப்பான் அது. வரைபடத்தை விரித்துப் பார்த்தால் இக்கட்டு கண்ணுக்குத் தெரியும். அமெரிக்க எல்லையிலிருந்து கிளம்பும் போமார்க், டொராண்டோவும் மாண்ட்ரியலும் ஒட்டாவாவும் இருக்கும் வானத்தில்தான் தன் இலக்கைச் சந்திக்கும். கனடாவின் மக்களில் பெரும்பாலோர் எல்லையை ஒட்டிய குறுகிய பட்டையில் வாழ்பவர்கள். ஏவுதளங்களை ஒண்டாரியோவின் நார்த் பேவிலும் கியூபெக்கின் லா மக்காசாவிலும் அமைத்தால் சண்டை வடக்கே சில நூறு கிலோமீட்டர் தள்ளிப்போகும். செலவில் மூன்றில் இரண்டு பங்கை அமெரிக்கா ஏற்கும், கனடாவுக்கு மூன்றில் ஒன்று. நிதி அமைச்சகத்தின் பார்வையில் இதைவிடச் சிக்கனமான ஏற்பாடு கிடைக்காது.

1958 ஆகஸ்டில் பாதுகாப்பு அமைச்சர் ஆரோவைக் கைவிட்டுப் போமார்க்கை ஏற்கும்படி பரிந்துரைத்தார். அமைச்சரவை தயங்கியது. மால்டனில் வேலை பார்த்த ஆயிரக்கணக்கானோரின் பிழைப்பு ஒருபுறம், அந்த மார்ச்சில்தான் 265 இடங்களில் 208ஐ வென்றிருந்த அரசின் பெயர் ஒருபுறம். செப்டம்பர் 23இல் பாதி முடிவு ஒன்றை அறிவித்தார்கள்: ஆஸ்ட்ராவும் ஸ்பாரோவும் நிறுத்தப்படும், இரண்டு போமார்க் தளங்கள் அமையும், விமானத்தின் எதிர்காலம் 1959 மார்ச் 31க்குமுன் மறுபரிசீலிக்கப்படும். அமெரிக்காவில் ஏற்கெனவே இருந்த சுடுகட்டுப்பாட்டு அமைப்பைப் பொருத்தினால் ஒரு விமானத்தின் விலை 90 லட்சத்துக்கு இறங்கும் என்றார்கள். சில மாதங்களில் அது 78 லட்சமாயிற்று. அந்த ஆறு மாதமும் ஆலை முழு வேகத்தில் ஓடியது, செலவும் ஓடியது. முடிவைத் தள்ளிப்போட்டதால் தொழிலாளருக்கு நன்மை விளைந்ததாகச் சொல்ல முடியவில்லை. மாற்று வேலைத் திட்டம் எதுவும் அந்த அவகாசத்தில் உருவாகவில்லை.

மூன்றாம் முடிவு: 1959 பிப்ரவரி 20

அறிவிப்பு காலையில் வந்தது. பிற்பகலில் ஆலையின் ஒலிபெருக்கியில் நிறுவனத் தலைவர் பேசினார். விமான ஆலையிலும் எஞ்சின் ஆலையிலுமாக ஏறத்தாழ 14,000 பேருக்கு அன்றே வேலை போனது. பகுதிப்பொருள் செய்துதந்த சிறு பட்டறைகளில் இன்னும் ஆயிரக்கணக்கானோர். பிறகு, பறந்த விமானங்களும் கட்டுமானத்தில் இருந்தவையும் வாயுச்சுடரால் அறுக்கப்பட்டு இரும்புக்கடைக்குப் போயின. வரைபடங்களையும் அச்சுகளையும் அழிக்கச் சொன்னார்கள். ஆணையிட்டவர் பிரதமரா, படைத்தலைமையா என்று பல பத்தாண்டு சச்சரவு நடந்தது. பின்னர் வெளியான ஆவணங்கள் விமானப்படைத் தலைமையின் பரிந்துரையையும் பாதுகாப்பு அமைச்சரின் ஒப்புதலையும் காட்டுகின்றன. இரோக்வாய் எஞ்சினோடு பறக்க இருந்த ஆறாவது விமானத்தின் மூக்குப்பகுதி மட்டும் தப்பி, இன்று ஒட்டாவாவின் விமான அருங்காட்சியகத்தில் இருக்கிறது. விமானி அமரும் இடம் வரை உண்டு. அதற்குப் பின்னால் ஒன்றுமில்லை.

சில மாதங்களில் முப்பது பேரளவில் பொறியாளர்கள் அமெரிக்காவின் நாசாவுக்குச் சென்று, மனிதரை விண்ணுக்கு அனுப்பும் திட்டங்களில் முக்கியப் பொறுப்புகளை ஏற்றார்கள். வேறு பலர் பிரித்தானியாவுக்கும் அமெரிக்க விமான நிறுவனங்களுக்கும் போனார்கள். ஏவ்ரோ கனடா 1962இல் இல்லாமலே போயிற்று. கனடிய நிறுவனங்கள் அமெரிக்கப் படைகளின் ஒப்பந்தங்களுக்குத் தடையின்றிப் போட்டியிட வழிசெய்யும் உற்பத்திப் பகிர்வு ஏற்பாடு இதே காலத்தில் வந்தது. முழு விமானம் செய்துவந்த தொழில், பிறர் விமானத்துக்கு உறுப்பு செய்யும் தொழிலாக மாறியது. அதில் லாபம் இருந்தது என்பதையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும்.

பிரதமரின் பிப்ரவரி 20 உரையில் பலர் கவனிக்காமல் கடந்துபோன ஒரு பத்தி உண்டு. இந்தத் தற்காப்பு ஆயுதங்களின் முழு ஆற்றலும் அணு வெடிமுனை பொருத்தினால்தான் கிடைக்கும், எனவே அவற்றைப் பெறுவதுபற்றி அமெரிக்க அரசோடு பேசிவருகிறோம் என்று பிரதமரே அதில் சொல்லியிருந்தார். கனடா வாங்கவிருந்த போமார்க்-பி வகைக்கு அணு வெடிமுனையைத் தவிர வேறு வெடிமுனை கிடையாது. அமெரிக்கச் சட்டப்படி அந்த வெடிமுனை அமெரிக்கப் படையினரின் காவலில்தான் இருக்க முடியும். 56 ஏவுகணைகளைக் கனடா தன் மண்ணில் நிறுத்தும், அவற்றின் உயிர் அமெரிக்கப் பூட்டுக்குள் இருக்கும் என்பது அன்றே தெரிந்த செய்தி. ஆரோவுக்கு 78 லட்சம், போமார்க்குக்கு மூன்றில் ஒரு பங்கு என்று ஒப்பிட்ட எந்தக் கணக்கிலும் இதற்கென ஒரு வரி இல்லை.

விளைவு: வெடிமுனை இல்லாத ஏவுகணை

1959 மார்ச்சில் வெளியுறவு அமைச்சர் காலமானார். ஜூனில் வந்தவர் அணு ஆயுதக் குறைப்பைத் தன் வாழ்க்கைப் பணியாகக் கருதியவர்; ஐ.நா. மன்றத்தில் அதற்காகவே வாதாடிக்கொண்டிருந்தார். 1960 அக்டோபரில் வந்த புதிய பாதுகாப்பு அமைச்சரோ, வாங்கிய ஆயுதத்துக்கு வெடிமுனை வேண்டும் என்பதில் உறுதியாக நின்றார். பிரதமர் இருவருக்கும் நடுவே முடிவைத் தள்ளிக்கொண்டே போனார். 1960இல் போமார்க்-பி சோதனைகள் ஒன்றன்பின் ஒன்றாகத் தோற்று, அமெரிக்க விமானப்படையே தன் திட்டத்தைப் பாதியாகச் சுருக்க, கனடா எதை நம்பித் தன் விமானத்தை அறுத்ததோ அதையே செய்தவர்கள் சந்தேகிக்கும் நிலை வந்தது.

அடுத்தது இன்னும் சங்கடமானது. ஆளில்லா ஏவுகணை இருந்தாலும், வானில் வருவது பயணிகள் விமானமா பகைவிமானமா என்று அருகில் சென்று பார்க்க விமானி வேண்டும். பழைய சி.எஃப்.-100 அதற்கு மெதுவானது. 1961 ஜூனில் 66 அமெரிக்க வூடூ விமானங்களைக் கனடா பெற்றுக்கொள்ள உடன்பட்டது. அமெரிக்கப் படையில் ஏற்கெனவே ஓடியவை. பதிலுக்குப் பைன்ட்ரீ வரிசையில் அமெரிக்கர் நடத்திவந்த சில நிலையங்களின் பணியைக் கனடா ஏற்றது. இடைமறிப்பு விமானங்களுக்கு இனி வேலையில்லை என்று சொல்லிச் சொந்த விமானத்தை நிறுத்தி இரண்டரை ஆண்டு கூட ஆகவில்லை. வூடூவின் முதன்மை ஆயுதமான ஜீனி ராக்கெட்டும் அணு வெடிமுனை கொண்டதே. ஐரோப்பாவில் கனடா ஏற்றிருந்த சி.எஃப்.-104 தாக்குதல் விமானங்களுக்கும் ஹானஸ்ட் ஜான் ராக்கெட்டுகளுக்கும் அதே நிலை. ஆக நான்கு ஆயுத அமைப்புகள் வாங்கப்பட்டு, நான்கும் வெடிமுனைக்குக் காத்திருந்தன.

1962 அக்டோபரில் கியூபா நெருக்கடி வந்தது. அமெரிக்க அதிபர் தொலைக்காட்சியில் தோன்றுவதற்குச் சில மணி நேரத்துக்கு முன்புதான் அவருடைய தூதர் புகைப்படங்களோடு ஒட்டாவாவுக்கு வந்தார். கலந்தாலோசித்து முடிவெடுப்பது என்பது நோராட்டின் அடிப்படை. வந்ததோ தகவல் மட்டுமே. கனடியப் படைகளை உயர் எச்சரிக்கையில் நிறுத்தும் கோரிக்கையைப் பிரதமர் அமைச்சரவைக்கு அனுப்பினார்; இரண்டு நாள் கழித்து 24ஆம் தேதிதான் முறையான ஒப்புதல் வந்தது. அதற்குள் பாதுகாப்பு அமைச்சர் அரவமின்றித் தன் பொறுப்பில் படைகளைத் தயார்நிலைக்குக் கொண்டுவந்திருந்தார். இறையாண்மையைக் காக்கப் பிரதமர் எடுத்துக்கொண்ட இரண்டு நாள், அவருடைய அமைச்சரவைக்குள்ளேயே செல்லுபடியாகாமல் போனது.

ஆட்சி கவிழ்தல்

வெடிமுனையை ஏற்கவும் மனமின்றி மறுக்கவும் வழியின்றி, அரசு வாஷிங்டனோடு ஒரு விசித்திர ஏற்பாட்டைப் பேசியது. வெடிமுனையின் இன்றியமையாத ஓர் உறுப்பை மட்டும் அமெரிக்காவில் வைத்திருந்து, நெருக்கடி வரும்போது விமானத்தில் கொண்டுவந்து பொருத்தலாமா? நிமிடக் கணக்கில் கிளம்ப வேண்டிய ஏவுகணைக்கு மணிக் கணக்கில் உதிரிப்பாகம் வரும் என்ற இந்த யோசனையைப் படையினர் எப்படிக் கேட்டிருப்பார்கள் என்று ஊகிப்பது கடினமன்று.

1963 ஜனவரி 3இல் ஓய்வுபெறும் நேட்டோ தளபதி, ஓர் அமெரிக்கர், ஒட்டாவாவில் செய்தியாளரிடம் பேசும்போது, கனடா வெடிமுனைகளை ஏற்காவிட்டால் தன் கடப்பாட்டை நிறைவேற்றியதாகாது என்ற பொருள்படச் சொன்னார். ஜனவரி 12இல் எதிர்க்கட்சித் தலைவர் தன் முந்தைய எதிர்ப்பைக் கைவிட்டு, கொடுத்த வாக்கை முதலில் காப்பாற்றுவோம், பிறகு வேறு பங்கைப் பேசிப் பெறுவோம் என்றார். நோபல் அமைதிப் பரிசு பெற்றவர் அவர். அந்த உரை நிகழ்ந்த, டொராண்டோவை ஒட்டிய ஸ்கார்பரோவில் இன்று தமிழ்க் கடைப்பலகைகளுக்குக் குறைவில்லை. ஜனவரி 30இல் அமெரிக்க வெளியுறவுத் துறை ஓர் அறிக்கை வெளியிட்டு, வட அமெரிக்கப் பாதுகாப்புக்கு உருப்படியாகப் பயன்படும் நடைமுறை யோசனை எதையும் கனடிய அரசு இதுவரை முன்வைக்கவில்லை என்றது. நட்பு நாட்டின் பிரதமர் நாடாளுமன்றத்தில் பேசியதை வெளிப்படையாக மறுக்கும் அறிக்கை அது. கனடா தன் தூதரை ஆலோசனைக்கென அழைத்துக்கொண்டது.

பிப்ரவரி 4இல் பாதுகாப்பு அமைச்சர் பதவி விலகினார். முந்தைய ஆண்டுத் தேர்தலில் பெரும்பான்மை இழந்திருந்த அரசு, பிப்ரவரி 5இல் 142க்கு 111 என்ற வாக்குகளில் வீழ்ந்தது. ஏப்ரல் 8 தேர்தலில் லிபரல்கள் சிறுபான்மை அரசமைத்தார்கள்; ஆகஸ்டில் வெடிமுனை ஒப்பந்தம் கையெழுத்தானது. 1963இன் கடைசி இரவில் நார்த் பேவுக்கு முதல் வெடிமுனைகள் வந்திறங்கின. இரு அரசுகளும் ஒப்பினால்தான் ஏவலாம், காவல் அமெரிக்கருடையது. போமார்க் 1972இல் விலக்கப்பட்டது. வூடூக்களின் ஜீனி ராக்கெட்டுகள் 1984 வரை கனடிய மண்ணில் இருந்தன.

முடிவுகளின் மதிப்பீடு

ஆரோவை நிறுத்தியதைப் பெருந்தவறு என்று சொல்பவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. வாங்குநர் இல்லாத நூறு விமானங்களுக்கு அந்த விலையைக் கொடுத்திருந்தால் கடற்படையும் தரைப்படையும் பட்டினி கிடந்திருக்கும். படைத்தலைமையின் பெரும்பகுதி அதை அஞ்சியே ஆதரவை விலக்கிக்கொண்டது. வடிவமைக்கும் திறனும் அதைக் கையில் வைத்திருந்த மனிதர்களும் போனது பெரிய இழப்பு, ஆனால் அந்த இழப்பைத் தவிர்க்க அரசுக்கு வேறு, மலிவான வழிகள் இருந்தன.

தவறு மாற்றுப் பொருளைத் தேர்ந்த முறையில் இருந்தது. ஏவுகணையை வாங்குவது பாதுகாப்பு அமைச்சகத்தின் கோப்பு. வெடிமுனை வெளியுறவு அமைச்சகத்தின் கோப்பு. செலவுப் பங்கீடு நிதி அமைச்சகத்தின் கோப்பு. மூன்றும் ஒரே மேசையில் சேர்ந்தபோது ஏவுதளத்தின் சிமெண்ட் உலர்ந்துவிட்டது. அதற்குமேல் மறுத்தால் வாக்குத் தவறியவர், ஏற்றால் கொள்கை தவறியவர் என்ற இடத்தில்தான் பிரதமர் நின்றார். அந்த இடத்துக்கு அவரைக் கொண்டுவந்து விட்டது வாஷிங்டனின் சூழ்ச்சி என்று அவர் கடைசிவரை நம்பினார். 1963 ஜனவரியின் அழுத்தம் உண்மைதான். ஆனால் அழுத்துவதற்குப் பிடி கிடைத்தது 1958 செப்டம்பரில், அவருடைய அரசு தானே எடுத்த முடிவில்.

என்ன மாற்றியிருக்கலாம்

முதலாவது, வரிசை. வெடிமுனையை ஏற்பதா என்பதை நாடாளுமன்றத்தில் தீர்த்தபின் ஏவுகணையை வாங்கியிருக்க வேண்டும். ஏற்பதில்லை என்று தீர்ந்திருந்தால், வழக்கமான வெடிபொருளோடு பயன்படும் விமானத்தை 1959இலேயே அமெரிக்காவிடம் நேரடியாக வாங்கியிருக்கலாம். 1961இல் வூடூவை வாங்கியபோது கிடைத்த பேரத்தைவிட நல்ல பேரம் கிடைத்திருக்க வாய்ப்புண்டு, ஏனெனில் அப்போது கையில் பறக்கும் ஆரோ இருந்தது. அறுத்துப்போட்ட பிறகு பேரம் பேச ஒன்றுமில்லை.

அடுத்தது, தேவைக் குறிப்பு எழுதும்போதே வாங்குநரைச் சேர்ப்பது. 1953இல் அமெரிக்க, பிரித்தானிய விமானப்படைகளைக் கூட்டாளிகளாக்க முயன்று, அவர்கள் மறுத்தால் நான்கில் விமான உடலை மட்டும் உள்நாட்டில் செய்வது என்று சுருக்கியிருந்தால், 1958இல் ஆஸ்ட்ராவையும் ஸ்பாரோவையும் வெட்டியதால் இறங்கிய விலை தொடக்கத்திலேயே இறங்கியிருக்கும். 1.25 கோடியிலிருந்து 78 லட்சம் வரையான இறக்கம் இதற்குச் சான்று.

செலவு விழுக்காட்டைச் சார்பின் அளவுகோலாகக் கொள்ளும் பழக்கத்தையும் விட வேண்டும். இது இன்றைக்கும் பொருந்தும். 2014இல் கனடா தன் மொத்த உற்பத்தியில் ஏறத்தாழ 1 விழுக்காட்டைத்தான் பாதுகாப்புக்குச் செலவழித்தது. 2025 ஜூனில் அந்த ஆண்டே 2 விழுக்காட்டை எட்டுவோம் என்று அறிவித்தது. கூட்டாளிகளின் ஏச்சிலிருந்து அது நாட்டைக் காப்பாற்றலாம். ஆனால் 1950களில் அதைவிட மும்மடங்கு செலவழித்தபோதுதான் சார்பு ஆழமானது. 2023இல் அமெரிக்காவின் 88 எஃப்-35 போர்விமானங்களை 1,900 கோடி டாலர் மதிப்பீட்டில் வாங்கக் கனடா முடிவு செய்தது. 2025 ஜூனில் தலைமைத் தணிக்கையாளர் அந்த மதிப்பீடு 2,770 கோடியாகிவிட்டதாகவும், தளங்களுக்கும் ஆயுதங்களுக்கும் இன்னும் 550 கோடி ஆகும் என்றும் சுட்டிக்காட்டினார். அதற்கு முன்பே, அந்த ஆண்டு மார்ச்சில், அமெரிக்காவோடு வரிச்சண்டையும் கனடாவை அதனோடு இணைக்கும் பேச்சும் சூடேறியிருந்த நேரத்தில், முதல் 16க்குப் பின் வாங்குவதா என்று மறுபரிசீலனை தொடங்கியிருந்தது. விலையைப் பற்றிய விவாதம் பரபரப்பாக நடந்தது. மென்பொருள் புதுப்பித்தல் யார் கையில், உதிரிப்பாகக் கிடங்கு எந்த நாட்டில், பறக்கும் திட்டத் தரவு எந்தக் கணிப்பொறி வழியே போகிறது என்ற கேள்விகள்தான் 1959இன் வெடிமுனைக் கேள்விக்கு நிகரானவை. அவை ஒப்பந்தத்தின் பின்னிணைப்புகளில் கிடக்கும்.

போமார்க் தளங்களில் லா மக்காசா பின்னர் சிறைச்சாலையாக மாறியது. மால்டனில் ஆரோ பறந்த ஓடுபாதைகள் டொராண்டோவின் பன்னாட்டு விமான நிலையத்துக்குள் இருக்கின்றன. யாழ்ப்பாணத்திலிருந்தும் சென்னையிலிருந்தும் கிளம்பிக் கனடாவில் முதன்முதலாகக் கால்வைத்த பல தமிழர் இறங்கிய இடம் அதுவே. வெடிமுனைகளை ஏற்ற பிரதமரின் பெயர் அந்த நிலையத்துக்கு 1984இல் சூட்டப்பட்டது. கடைசி ஜீனி ராக்கெட்டுகள் கனடாவை விட்டு வெளியேறியதும் அதே ஆண்டில்தான்.